ஆண் தாதி தேடிப் போனோம்

வந்திருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன். பாடசாலை அதிபர் வந்திருந்தார். விஞ்ஞான பாடம் எடுக்கும் டீச்சர் வந்திருந்தார். எங்கள் ஆஸ்பத்திரியில் ஆள் சேர்க்கும் பொறுப்பிலிருந்த எச்.ஆர். மிஸ்ஸும் வேன் டிரைவரும் இருந்தார்கள். உயர்தரப் பரீட்சை எழுதிய, எழுதப் போகிற பெண் பிள்ளைகள் இருபது பேருக்கு மேல். அவர்களில் சிலரின் அம்மாமார், கொழுந்து பறித்த மலையிலிருந்து நேரே இறங்கி வந்தவர்கள், சுவரோரம் நின்றார்கள். கதிரை காலியாக இருந்தும் உட்காரவில்லை. கடைசி வரிசையில் தேயிலை ஃபெக்டரியில் வேலை செய்யும் ஒருவர், வேலை உடுப்போடு. பிறகு நான்.

வராதவர்கள் ஆண் பிள்ளைகள். கூட்டமே அவர்களுக்காகத்தான் வைத்திருந்தோம்.

ஹுன்னஸ்கிரியப் பக்கத்தில் நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்த பாடசாலையின் மண்டபம் அது. மேடைக்குப் பின்னால் எங்கள் பெனரைக் கட்டியிருந்தோம். ‘ஆண்களும் தாதியராகலாம்’ என்று எழுதி, பக்கத்தில் கழுத்தில் ஸ்டெதஸ்கோப்போடு ஒரு வெள்ளைக்காரன் சிரித்துக்கொண்டிருந்தான். எங்கள் பக்கத்து மனிதர் ஒருவரின் படத்தைப் போட்டிருக்கலாமே என்று வேனில் வரும்போது கேட்டேன். “உங்களைப் போடத்தான் நெனச்சோம், ஃபோட்டோ கிளியரா இல்ல” என்றார் மிஸ்.

ஆண் பிள்ளைகளில் பாதிப் பேர் கண்டியிலும் கொழும்பிலும் கடைகளில் நின்றார்கள். மிச்சப் பேர் மண்டபத்துக்குக் கீழே வொலிபோல் விளையாடிக்கொண்டிருந்தார்கள். பந்து அடிபடும் சத்தம் உள்ளே கேட்டது. அதிபர் பொறுக்க முடியாமல் போய்க் கூப்பிட்டார். மூன்று பேர் வந்து, உள்ளே வராமல் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

“அண்ணே, அது பொம்பளைங்க வேலை இல்லையா?”

“ஆம்பிளைங்களும் செய்யலாம். நான் செய்யுறேனே.”

“அப்ப ஒங்களையும் மிஸ்ஸின்னுதான் கூப்பிடுவாங்களா?”

எங்கள் பக்கத்தில் நேர்ஸைக் கூப்பிடுவது மிஸ்ஸி என்றுதான். சுவரோரம் நின்ற அம்மாமார் முந்தானையால் வாயை மூடிக்கொண்டார்கள். பெண் பிள்ளைகள் மூடாமலே சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நான்கு வருட வேலையில் நான் நன்றாகப் பழகியிருந்த ஒரு காரியம் அது.

எச்.ஆர். மிஸ் பேசச் சொன்னதையெல்லாம் பேசினேன். பயிற்சி இலவசம், மாதம் கைச்செலவுக்குப் பணம், உடுப்பு, சாப்பாடு, படித்து முடித்த கையோடு வேலை, பிறகு வெளிநாடு. என் அப்பாவும் அம்மாவும் கையெழுத்துப் போட மட்டும் தெரிந்தவர்கள், நான்தான் எங்கள் குடும்பத்தில் முதலில் படித்தவன் என்பதையும் சொன்னேன். அதைச் சொல்லும்போது குரல் கொஞ்சம் தழுதழுக்க வேண்டும் என்று மிஸ் சொல்லியிருக்கவில்லை. அது தானாகவே வந்தது.

சொல்லாமல் விட்டவையும் உண்டு. நான் நேர்ஸிங் படிக்கப் போகிறேன் என்றதும் அப்பா கேட்ட முதல் கேள்வி, “பீ மூத்திரம் அள்ளுறதுக்கா இவ்வளவு படிச்ச?” என்பது. அம்மா இன்றுவரை லயத்து வரிசை வீடுகளில் யாரிடமும் என் வேலையைச் சரியாகச் சொன்னதில்லை. “கண்டி ஆஸ்பத்திரியில இருக்கான்” என்பதோடு நிறுத்திக்கொள்வார். கேட்பவர்கள் டொக்டர் என்று நினைத்தால் அது அவர்கள் பாடு. தோட்டத்தில் ஆஸ்பத்திரியில் இருக்கும் ஆம்பிளை என்றால் ஒன்று டொக்டரய்யா, இல்லாவிட்டால் கக்கூஸ் கழுவுகிறவர். நடுவில் ஒரு ஆள் இருக்கலாம் என்று எங்கள் சனத்துக்கு யாரும் காட்டவில்லை. காட்ட வேண்டியவன் நான். நான் வெளிநாட்டைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தேன்.

கூட்டம் முடிந்து, பணிஸும் தேத்தண்ணியும் கொடுக்கும்போது கடைசி வரிசைக்காரர் என்னிடம் வந்தார். எங்கள் லயத்துக்கு மேல் லயத்தில் இருப்பவர்தான். சின்ன வயதில் என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டவர், இப்போது “தம்பி, நீங்க” என்றார்.

“என் மகனும் பயோ படிச்சவன்தான் தம்பி. மூணு பாடமும் பாஸ். கேம்பஸுக்குத்தான் மார்க்ஸ் காணல. கட்டுகஸ்தோட்டையில ஹாட்வெயார் கடையில சாமான் தூக்குறான். நீங்க சொன்னா கேப்பான்.”

“நெஜமாவே அனுப்புவீங்களா? பொம்பள வேலைன்னு சொல்வாங்க.”

“சீமெந்து மூட்டை தூக்குறத ஆம்பிள வேலைன்னு சொல்லிக்கிட்டு அவன் முதுகு போகுது தம்பி.”

திரும்பி வரும் வழியில், தெல்தெனிய தாண்டியதும், மிஸ் சாய்ந்து உட்கார்ந்து செருப்பைக் கழற்றினார். நான் ஆர்வத்தோடு கேட்டேன், எங்கள் மெனேஜ்மென்டுக்கு ஏன் திடீரென்று ஆண்கள் மேல் இவ்வளவு அக்கறை என்று. ஆணும் பெண்ணும் சமம் என்பது போல ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தேன். நாலு நல்ல வார்த்தை கேட்டால் அடுத்த பாடசாலையில் பேச உதவும் என்ற எண்ணமும் இருந்தது.

“இருந்த கேர்ள்ஸெல்லாம் வெளிநாட்டுக்குப் போய்க்கிட்டே இருக்காங்க. இருக்கிறவங்களுக்கு இருட்டினா வீட்டுக்குக் கொண்டுபோய் விட வேன் வேணும். பொறகு கல்யாணம், பிள்ளை, லீவு. போய்ஸ்னா இந்தக் கரைச்சல் ஒண்டும் இல்லையே. தூக்கிறதுக்கும் ஆள் ஆச்சு.”

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. உண்மையைச் சொன்னார்.

அடுத்த வாரம் கட்டுகஸ்தோட்டைக்குப் போனேன். பாலத்துக்குக் கிட்ட, ரோட்டோரம் பெயின்ட் வாளிகள் அடுக்கிய கடை. அவன் தோளில் சாக்கு மடித்துப் போட்டு, லொறியிலிருந்து சீமெந்து இறக்கிக்கொண்டிருந்தான். என்னைவிட இரண்டு வயதுதான் இளையவன். என்னை அண்ணே என்பான். நான் விஷயத்தைச் சொன்னதும் முதலில் வாயைத் திறந்தவர் கடை முதலாளி.

“என்ன தம்பி, நம்ம கடை ஆளக் கடத்திக்கிட்டுப் போக வந்தீங்களா?” என்றார் தொப்பியைச் சரிசெய்தபடி. பிறகு அவனிடம், “யோசிச்சுக்க மகன். சீமெந்து மூட்டை அம்பது கிலோ. ஆனா அது வாயத் தொறந்து ஒன்னப் பத்தி ஒரு குறை சொல்லாது. நோயாளி அப்படியா?” என்றார்.

கடையில் எல்லோரும் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை. கையைக் கழுவிக்கொண்டு என்னோடு பஸ் ஹோல்ட் வரை நடந்து வந்தான்.

“அண்ணே, உண்மையச் சொல்லுங்க. சிரிக்க மாட்டாங்களா?”

“ஆறு மாசம் சிரிப்பாங்க. பொறகு பழகிரும்.”

“யாருக்குப் பழகும்? அவங்களுக்கா, எனக்கா?”

“ரெண்டு பேருக்குந்தான்” என்றேன்.

அவன் நம்பினான். அந்த வருடம் எங்கள் பயிற்சி நிலையத்தில் சேர்ந்தவர்களில் அவன் ஒருவன்தான் ஆண். எத்தனையோ பாடசாலைகளுக்கு வேன் போய் வந்ததன் பலன் அந்த ஒருவன். அவன் முன்வரிசையில் உட்கார்ந்தான். பின்னால் உட்கார்ந்தால் பெண் பிள்ளைகளைப் பார்க்கிறான் என்பார்கள். உடற்கூற்றியல் பரீட்சையில் அவன்தான் முதலாவது. ஊசி போடப் பழகுவதற்கு எல்லோரும் ரப்பர் கையில் குத்திக்கொண்டிருந்தபோது அவன் என் கையைக் கேட்டு வாங்கிக் குத்திப் பழகினான். வலிக்கவே இல்லை. இதைச் சும்மா சொல்லவில்லை. இத்தனை வருடம் வேலை செய்த என் கை இன்றைக்கும் அவனுடையதைப் போல லேசானதல்ல.

இரண்டாம் வருடம் அவனை எங்கள் வார்டுக்குப் பயிற்சிக்கு அனுப்பினார்கள். முதல் நாள் காலையிலேயே ஆரம்பித்துவிட்டது. “மல்லி, பொட்டக் எண்ட!” தம்பி, கொஞ்சம் வா. சிங்கள சிஸ்டர்மார் அன்பாகத்தான் கூப்பிடுவார்கள். அந்த அன்பான கூப்பிடலுக்கு ஒரே அர்த்தம்தான், யாரையோ தூக்க வேண்டும். கட்டிலிலிருந்து ட்ரொலிக்கு, ட்ரொலியிலிருந்து கட்டிலுக்கு. ஒக்சிஜன் சிலிண்டர். ஒரு தடவை பழுதான குளிர்சாதனப் பெட்டி. அவனோடு படித்த பெண் பிள்ளைகள் காயத்துக்கு மருந்து கட்டப் பழகும்போது அவன் பக்கத்து வார்டில் யாரையோ தூக்கிக்கொண்டிருப்பான். பார்மசியில் இடுப்புப் பட்டி ஒன்று வாங்கி, வெள்ளைச் சட்டைக்கு உள்ளே கட்டிக்கொண்டான்.

“கடையில மூட்டைக்கு இவ்வளவுன்னு கையில தருவாங்க அண்ணே” என்றான் ஒரு நாள் தேத்தண்ணி குடிக்கும்போது. பகிடியாகத்தான் சொன்னான்.

இன்னொரு பழக்கமும் அவனிடம் இருந்தது. வெள்ளை உடுப்பில் ஆம்பிளையைக் கண்டால் நோயாளிகள் எல்லோரும் “டொக்டர்” என்பார்கள். நான் திருத்துவதில்லை. திருத்தினால் அவர்கள் முகம் மாறும். சொன்னதைச் சட்டென்று கேட்டவர்கள், பிறகு “மிஸ்ஸி எங்க, மிஸ்ஸிய வரச் சொல்லுங்க” என்பார்கள். அவன் ஒவ்வொரு தடவையும் திருத்துவான். “இல்லைங்க, நான் நேர்ஸ்.” சிங்களத்திலும் சொல்வான், தமிழிலும் சொல்வான். கொஞ்சம் வெட்கம் கூட இல்லாமல் சொல்வான். எனக்கு அது பைத்தியக்காரத்தனமாகப் பட்டது. பொறாமையாகவும் இருந்தது.

எங்கள் ஆஸ்பத்திரியில் ஆண் தாதியருக்கு என்று ஒரு ஒழுங்கு உண்டு. பெண் நோயாளியின் திரைக்கு உள்ளே போவதற்கு முன்னால் ஒரு பெண்ணைக் கூப்பிட வேண்டும். சிஸ்டரோ, அட்டென்டனோ, நோயாளியின் மகளோ, யாராவது. அவர் வந்து நின்ற பிறகுதான் கையை வைக்கலாம். நல்ல ஒழுங்குதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் கூப்பிட்டால் வருவதற்கு ஆள் வேண்டும். ஒரு வார்டுக்கு இரண்டு பெண் அட்டென்டன் இருந்த காலம் போய், இரண்டு வார்டுக்கு ஒருவர் என்றாகிவிட்டது. அவர்களும் வெளிநாட்டுக்குத்தான் போனார்கள். வீட்டு வேலைக்கு.

பிலிமத்தலாவையில் பெரிய கடை வைத்திருக்கும் ஒருவரின் அம்மாவை ஒரு பின்னேரம் நெஞ்சு நோவென்று கொண்டுவந்து சேர்த்தார்கள். ஈசிஜி உடனே எடுக்கச் சொல்லிவிட்டு டொக்டர் அடுத்த அறைக்குப் போய்விட்டார். நெஞ்சில் ஆறு இடத்தில் ஒட்ட வேண்டும், சட்டையைத் திறக்காமல் முடியாது. அவன் அட்டென்டனைக் கூப்பிட்டான். அவர் இரத்த மாதிரியைக் கொண்டு லெப்புக்குப் போயிருந்தார். சிஸ்டர் கீழ் மாடியில். நான் அன்று லீவு. இரண்டு தடவை கூப்பிட்டுப் பார்த்துவிட்டு அந்த அம்மாவிடம் கேட்டானாம். “நான் எடுக்கட்டுங்களா அம்மா?” அவர் வலியில் தலையை ஆட்டியிருக்கிறார். மேலே துவாயைப் போர்த்தி, துவாய்க்குக் கீழே கையை விட்டு, ஐந்து நிமிடத்தில் எடுத்துவிட்டான். இதயத்தில் ஒன்றும் இல்லை, வாயுத் தொல்லைதான்.

மறுநாள் காலை மகன் வந்தார். நான் டியூட்டியில் இருந்தேன்.

“எங்கம்மாவோட ரூமுக்குள்ள ஆம்பிளைய விட்டது யாரு?”

அவனே முன்னால் வந்தான். “நான்தாங்க எடுத்தேன். அவசரம்னு டொக்டர் சொன்னார். அம்மாகிட்ட கேட்டுட்டுத்தான்…”

“நீ யாரு? டொக்டரா?”

“நேர்ஸ்.”

“ஆம்பிளைக்கு என்னய்யா நேர்ஸ் வேலை?” அவனை மேலும் கீழும் பார்த்தார். “எந்த ஊரு?”

“ஹுன்னஸ்கிரிய.”

“தோட்டமா?”

“ஆமாங்க.”

“ம், அதானே” என்றார்.

அவருடைய தாத்தாவும் எங்கள் தாத்தாவும் ஒரே கடலைத் தாண்டி வந்தவர்கள்தான். அவர்கள் டவுனில் இறங்கிக்கொண்டார்கள், நாங்கள் மலைக்கு ஏறினோம். அந்த ‘அதானே’க்குள் அவ்வளவும் இருந்தது. முந்தின நாள் சாயந்தரம் இதய டொக்டர், அவரும் ஆண், அதே அறையில் அதே அம்மாவின் நெஞ்சில் தனியாக நின்று ஸ்டெதஸ்கோப்பை வைத்துப் பார்த்துவிட்டுப் போயிருந்தார். மகன் வாசல் வரை போய்க் கும்பிட்டு அனுப்பினாராம். டொக்டர் தொட்டால் அது வைத்தியம். நாங்கள் தொட்டால் கை வைத்ததாகிவிடும்.

மன்னிப்புக் கடிதம் எழுதித் தரச் சொன்னார்கள். அவன் வெள்ளைத் தாளை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

“என்ன தப்புன்னு எழுதுறது அண்ணே?”

“‘மனவருத்தம் ஏற்பட்டிருந்தால்’னு எழுது. தப்புன்னு எழுதாத.”

அந்தச் சாமர்த்தியமெல்லாம் எனக்குத் தெரியும். எழுதி முடித்ததும் இன்னொன்றும் சொன்னேன். அவனுக்கு நல்லது செய்வதாக நினைத்துத்தான் சொன்னேன்.

“இனிமே உயிரே போனாலும் பொம்பள ஒருத்தி வராம உள்ள போகாத. கேட்டியா? இன்னொரு கம்ப்ளைன்ட் வந்தா உன்ன வெளிய போட்டுருவாங்க.”

“சரி அண்ணே.”

வெளியே போட்டால் என்ன ஆகும் என்பது எங்கள் இருவருக்குமே தெரியும். லயத்தில் எல்லோருக்கும் சொல்லியாகிவிட்டது. அவன் வெள்ளை உடுப்போடு எடுத்த படத்தை அவனுடைய அப்பா ஃபெக்டரியில் கங்காணிக்குக்கூடக் காட்டியிருந்தார். நேர்ஸ் என்று சரியாகவே சொல்லிக் காட்டியிருந்தார், என் அம்மாவைப் போல மழுப்பவில்லை. அவன் படித்து முடிப்பானா இல்லையா என்பது அவனுக்கு மட்டும் உரிய விஷயமாக இருக்கவில்லை. வொலிபோல் விளையாடிய பையன்களில் இரண்டு பேர் அவனுக்கு ஃபோன் பண்ணி விண்ணப்பப் பத்திரம் கேட்டிருந்தார்கள். அவன் தங்கினால் அவர்கள் வருவார்கள்.

ஆறு வாரம் கழித்து இது நடந்தது. பகல் ஒரு மணி, டியூட்டி மாறுகிற நேரம். அந்த நேரத்தில் வார்டில் ஒருவரும் இருப்பதில்லை என்பது ஆஸ்பத்திரிக்காரர்கள் வெளியே சொல்லாத உண்மை. போகிறவர்களும் வருகிறவர்களும் ஓர் அறையில் கூடிக் கதவைச் சாத்திக்கொண்டு, எந்தக் கட்டிலில் யார், யாருக்கு என்ன மருந்து என்று கைமாற்றிக்கொண்டிருப்போம். வெளியே பயிற்சி மாணவன் ஒருவன் நிற்பான். அன்றைக்கு நின்றது அவன்.

ஏழாம் அறையில் வயதான சிங்கள அம்மா ஒருவர், ஓய்வுபெற்ற ஆசிரியை, காய்ச்சலுக்கு வந்தவர். தனியாகக் குளியலறைக்குப் போய், ஈரத்தில் வழுக்கி விழுந்துவிட்டார். உடம்பில் துணி இல்லை. கதவு பாதி திறந்திருந்தது. சத்தம் கேட்டு ஓடிப்போனவன் கதவுக்கு வெளியே நின்றுவிட்டான். மணியை அழுத்தினான். அட்டென்டன் சாப்பாட்டுத் தட்டுகளைக் கொண்டு கீழே போயிருந்தார். மணி அடித்தது எனக்கும் கேட்டது. அங்கே அவன் நிற்கிறான்தானே என்று நினைத்தேன்.

பிறகு அவன் ஓடிவந்து நாங்கள் இருந்த அறைக் கதவைத் தட்டித் திறந்தான். “சிஸ்டர்…” என்றான். கதவுக்குக் கிட்ட உட்கார்ந்திருந்தது நான். மருந்துக் கணக்கு ஒன்று சரி வராமல் எழுதியதைக் கூட்டிக்கொண்டிருந்தேன். தலையைத் தூக்காமல் கையை மட்டும் தூக்கினேன். பொறு என்பதுபோல. அவன் கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டான்.

எல்லாமாக ஒன்பது நிமிடம் என்று, ஏழாம் அறை வாசலை மட்டும் காட்டும் கெமராவில் பார்த்துப் பிறகு சொன்னார்கள். எங்கள் கதவுக்கு ஓடிவந்து போன நேரம் தவிர, அத்தனை நேரமும் அவன் அந்தக் குளியலறைக் கதவுக்கு வெளியே, சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று, தெரிந்த சிங்களத்தில் பேசிக்கொண்டே இருந்திருக்கிறான். பயப்படாதீங்க அம்மா, ஆள் வருது, அசையாதீங்க, காலை நீட்ட வேணாம். வருடம் முழுக்க ஊரையெல்லாம் தூக்கியவன் அந்த ஒரு ஆளை மட்டும் தூக்கவில்லை. கைமாற்றி முடித்து சிஸ்டர் வெளியே வந்து, உள்ளே போய்ப் பார்க்கும்போது அந்த அம்மாவின் இடுப்பு எலும்பு முறிந்திருந்தது. தலையில் காயம். இரத்தம் நிறையப் போய், பிரஷர் இறங்கியிருந்தது. அவர் பிழைத்தார். ஆனால் மூன்று நாள் தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்தார்.

விசாரணை மேல் மாடியில், நீள மேசை போட்ட அறையில் நடந்தது. மெனேஜர், மேட்ரன், எச்.ஆர். மிஸ், அன்று டியூட்டியில் இருந்த நாங்கள் ஐந்து பேர். அவன் கடைசிக் கதிரையில்.

“ஒரு மனுஷி விழுந்து கிடக்கிறா. நீ வெளியில நிண்டு என்ன செஞ்ச?” மெனேஜர் தமிழில்தான் கேட்டார்.

“பெண் ஆள் வரும்வரைக்கும் உள்ள போகக் கூடாதுன்னு ரூல், சேர்.”

“அவசரத்துக்கு ரூல் பார்ப்பாங்களா? உனக்கு மூளை இல்லையா?”

“போன தடவையும் அவசரம்தான் சேர்.”

மேட்ரன் பேனாவை மேசையில் வைத்தார். அந்தச் சத்தம் எல்லோருக்கும் கேட்டது. வாய் நீளம் என்று அந்த இடத்திலேயே முடிவாகிவிட்டது.

“யாருக்கும் அறிவிச்சியா?”

அவன் என்னைப் பார்த்தான். ஒரே ஒரு நொடிதான். அதற்குள் நான் மேசையில் கிடந்த தண்ணீர்ப் போத்தலைப் பார்க்கத் தொடங்கிவிட்டேன்.

“கதவத் தட்டினேன் சேர். எல்லாரும் வேலையா இருந்தாங்க.”

“யாராவது கண்டீங்களா?” என்று மெனேஜர் எங்களைக் கேட்டார். சிஸ்டர்மார் ஒருவரை ஒருவர் பார்த்து, இல்லை என்றார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை, அவர்களுக்குக் கதவு மறைத்திருந்தது, பேச்சுச் சத்தத்தில் தட்டியதும் கேட்டிருக்காது. என் முறை வந்தது.

“சரியா ஞாபகம் இல்ல சேர்” என்றேன்.

அவனுக்கு ரூலைச் சொல்லிக் கொடுத்தது யார் என்று அடுத்த கேள்வி. அதற்கும் பதில் வைத்திருந்தேன். “எல்லாருக்கும் சொல்றதத்தான் சொன்னேன்.” உயிரே போனாலும் என்று சொன்னதைச் சொல்லவில்லை. எனக்கு வீடு கட்ட எடுத்த கடன் இருக்கிறது, தங்கைக்கு இந்த வருடம் கல்யாணம் பேசுகிறார்கள் என்றெல்லாம் இப்போது காரணம் எழுதலாம். அந்த நேரத்தில் அவை ஒன்றும் ஞாபகத்தில் இல்லை. பயம் மட்டும்தான் இருந்தது. படித்தவனுக்கு வருகிற பயம், இருப்பதை இழந்துவிடுவோம் என்கிற பயம். என் அப்பாவுக்கு அப்படியொரு பயம் வந்ததில்லை.

அந்த ஆசிரியை அம்மாவை யாரும் விசாரிக்கவில்லை. நான் பிறகு போய்ப் பார்த்தேன். “வெளியில நின்னு பேசிக்கிட்டே இருந்த அந்தப் பிள்ளை எங்கே?” என்று சிங்களத்தில் கேட்டார். “அது பேசினபடியாலதான் நான் மயங்காம இருந்தேன்.” இதை மேட்ரனிடம் போய்ச் சொன்னேன். ரிப்போர்ட் போய்விட்டது என்றார்.

அவனை விலக்கவில்லை. விலக்கினால் பேப்பர் வேலை அதிகம். ஆறு மாதம் பின்னுக்குத் தள்ளி, அடுத்த பெட்ச்சோடு சேர்ந்து படிக்கலாம், அதுவரைக்கும் ஸ்டோர்ஸில் உதவி செய்யலாம் என்றார்கள். ஸ்டோர்ஸில் என்ன உதவி என்று எல்லோருக்கும் தெரியும். சேலைன் பெட்டி வந்தால் இறக்க வேண்டும்.

பத்து நாள் இறக்கினான். பதினோராம் நாள் என் அறைக்கு வந்து உடுப்பை மடித்துக் கட்டிலில் வைத்தான்.

“நான் போறேன் அண்ணே.”

“ஆறு மாசம்தான்டா. பல்லக் கடிச்சிக்கிட்டு இரு.”

“மூட்டை தூக்குறதுன்னா எனக்குக் கட்டுகஸ்தோட்டையே கிட்ட.”

“நான் சொல்லியிருக்கணும்” என்றேன். “அன்னைக்கி நான் கையைத் தூக்கினத.”

“தெரியும் அண்ணே.” கோபமாகக்கூடச் சொல்லவில்லை. “நீங்க சொல்லுவீங்கன்னு நெனச்சேன். அதனாலதான் நான் சொல்லல.”

இரண்டு நாள் கழித்து அவனுடைய அப்பா ஹுன்னஸ்கிரியவிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து இறங்கினார். அதற்குள் எச்.ஆர். மிஸ்ஸிடமிருந்து கடிதம் போயிருந்தது. இடையில் விட்டுப் போகிறவர்கள் அதுவரை படித்த செலவைத் திருப்பிக் கட்ட வேண்டும் என்று ஒப்பந்தத்தில் இருக்கிறது. எல்லோரும் கையெழுத்திடுவது. ஆங்கிலத்தில் இருந்ததால் யாரும் முழுதாக வாசிப்பதில்லை. அவர் என்னைத் திட்டுவார் என்று எதிர்பார்த்துக்கொண்டு வாசலில் நின்றேன்.

“தம்பி, சாப்பிட்டீங்களா?” என்றார்.

என்னிடம் இருந்ததைத் தருகிறேன் என்றேன். வேண்டாம் என்றார். மூத்த மகள் குவைத்தில் வீட்டு வேலைக்குப் போய் மூன்று வருடம் ஆகிறது. வீட்டுக்குக் கூரை போடுவதற்கென்று அவள் அனுப்பியது பேங்கில் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு வந்திருந்தார். விண்ணப்பம் கேட்ட அந்த இரண்டு பையன்களும் இப்போது கொழும்பில் ஒரு துணிக்கடையில் நிற்கிறார்கள் என்று பேச்சோடு பேச்சாகச் சொன்னார்.

காசாளரின் ஜன்னலில் ஒரு பத்திரம் கொடுத்தார்கள். அதுவும் ஆங்கிலத்தில்தான். அவர் அதை வாங்கி அப்படியே என்னிடம் நீட்டினார். எங்கள் இரண்டு லயத்திலும் ஆங்கிலப் பத்திரம் வந்தால் நிரப்புகிறவன் நான்தான். மகன் பக்கத்தில் நின்றான், அவனுக்கும் நிரப்பத் தெரியும், ஆனால் அவன் வெளியே ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

பேர், விலாசம், சேர்ந்த திகதி எழுதினேன். விலகும் காரணம் என்ற இடத்தில், காசாளர் சொன்னபடி, சொந்த விருப்பம் என்று எழுதினேன். கடைசியில் தொகையை இலக்கத்திலும் எழுத்திலும் எழுதச் சொன்னது. எழுதினேன். வகுப்புச் செலவு, சாப்பாடு, தங்குமிடம், நான்கு சோடி வெள்ளை உடுப்பு எல்லாம் சேர்த்து, மூன்று லட்சத்து எண்பத்தாறாயிரத்து ஐந்நூறு ரூபாய்.